களிம்பு

டென் ஹாக், ஆவணக் காப்பகம், இரண்டாம் தளம்.
பதினோரு ஆண்டுகளாக ஜன்னலோர மேசையில்
செம்பு எண்ணிக்கொண்டிருக்கிறாள் ஹில்லெகோந்த.

நாகசாகியில் ஏறியது இத்தனை பெட்டி,
பத்தாவியாவில் இறங்கியது இத்தனை,
அங்கிருந்து சூரத்துக்கு, வங்கத்துக்கு.
பெட்டிக்கு நூற்றிருபத்தைந்து ராத்தல்.
அவள் பெருக்கிய நாட்களில்
ரோமெய்ன் தனியே உண்ணப் பழகிவிட்டான்.

தள்ளுவண்டியில் கட்டுகளைக் கொண்டுபோய் வைப்பது
என் வேலை.
பேசக்கூடாதென்று சுவரில் எழுதியிருக்கிறது.

இறங்கும்போதெல்லாம் எடை குறையும்.
நூற்றுக்கு ஒன்று, சில ஆண்டு ஒன்றரைக்கும் மேல்.
திருட்டு, என்று ஓரத்தில் எழுதினாள்.
கம்பெனியும் அப்படித்தான் எழுதியிருந்தது:
சுமைகூலி குனியெமோன், கைச்சட்டையில் ஒன்றுமில்லை,
ஆனாலும் ஐம்பது அடி.

நவம்பரில் ஒருநாள்
ஏலத்தில் எடுத்த செம்புக் கம்பியோடு வந்தாள்.
மூழ்கிய கப்பலின் சரக்கு.
விரல் தடிமன், ஒரு சாண் நீளம்.
"வெந்நீருக்குள் வார்ப்பார்கள், அதனால்
கோவைப்பழச் சிவப்பு" என்றாள்.
என்னிடம் அவள் பேசிய முதல் வாக்கியம்.
நான் பார்த்தது பச்சையைத்தான்.
செம்போடு பிறந்தது களிம்பு,
கடல் அதை வெளியே வரவழைத்தது, அவ்வளவே.

அன்று மாலை கட்டுகளைத் திருப்பி அடுக்கும்போது
வண்டியில் விழுந்தது ஒரு துண்டுக் காகிதம்.
இரண்டாக மடித்தது. யாரும் பிரித்த தடயமில்லை.
எந்தப் பக்கத்திலிருந்து விழுந்ததோ, தெரியாது.
கொடுக்காமல் இருந்திருக்கலாம்.
கொடுத்தேன்.

உதவிக் கணக்கன் ஃபோப்பே எழுதியது:
"இங்கே வாங்கும் தராசும் அங்கே இறக்கும் தராசும் ஒன்றல்ல.
பெட்டிக்கு இரண்டு ராத்தல் பேதம்.
ஐயாவுக்குத் தெரியும்.
பேசாதே என்றார்."

இரண்டு முறை படித்தாள்.
கோட்டை மாட்டாமல் மழையில் இறங்கிப் போனாள்.
எதிர்க் கடையில் நின்றபடி
பச்சை ஹெரிங் ஒன்றை வாலைப் பிடித்துத் தின்றதை
மேலிருந்து பார்த்தேன்.
வெங்காயம்கூடத் தொட்டுக்கொள்ளவில்லை.

பதினோரு ஆண்டு அட்டவணைகள். நாற்பத்தாறு.
இதை நான் செய்தேனா, ஃபோப்பே செய்தானா?

ஈரத் தலையோடு திரும்பி வந்தாள்.
காப்பகத்தில் பேனாவுக்கு அனுமதியில்லை,
அவள் குறிப்பெல்லாம் பென்சில்தான்.
திருட்டு, திருட்டு, திருட்டு:
ஒவ்வொன்றாகத் தேடி அழித்தாள்.
குனியெமோனின் ஐம்பது மட்டும்
மையில் இருந்தது.

மூடும் மணி அடித்தது.
அழிப்பான் துகளை ஊதிவிட்டு
"நாளைக்கு முதல் கட்டு" என்றாள்.
"எது முதல்?"
"முதலாவதுதான். பெட்டி ஒன்று."