பதினெட்டு சென்டிமீட்டர்

எர்மினியா இறந்தது வியாழக்கிழமை.
வழக்கு திங்கட்கிழமை, ஒன்பதரைக்கு.

பொதென்சா ஊரில் சாவுக்குச் சுவரொட்டி ஒட்டுவார்கள்.
கறுப்புக் கரையிட்ட தாளில் பெயர்,
வயது எண்பத்திரண்டு, அடக்க நேரம்.
நீதிமன்றத்துக்கு எதிர்ச்சுவரிலும் ஒன்று,
மழையில் ஒரு மூலை பிரிந்து.
நீதிபதி அதைத் தாண்டித்தான் வந்தார்.
எதிர்த்தரப்பு வக்கீல் அதனடியில் நின்றுதான்
சிகரெட்டை அணைத்தார்.

ஆனால் அந்த நாட்டுச் சட்டத்தில்
கட்சிக்காரரின் சாவை
அவருடைய வக்கீல்தான் வாய்திறந்து சொல்ல வேண்டும்.
சொல்லும்வரை சாவு சுவரில் இருக்கும்,
கல்லறையில் இருக்கும்,
கோப்பில் இருக்காது.
சொன்னாலோ, வழக்கு நின்ற இடத்தில் நிற்கும்.
மூன்று மாதத்துக்குள் வாரிசு வந்து
தூக்கிக்கொண்டு நடக்க வேண்டும்.
வராவிட்டால் அதற்கும் அடக்கம்.

வாரிசு, தூரினில் ஓர் அண்ணன் மகன்.
தரைத்தளத்தில் குடியிருப்பவன்.
தொலைபேசியில் ஒன்றுதான் கேட்டான்:
"வீடு என்ன விலை போகும்?"

வழக்கு ஒரு லிஃப்ட் பற்றியது.
நான்காம் மாடி, எழுபத்தெட்டுப் படி.
என் காசிலேயே போட்டுக்கொள்கிறேன் என்றாள் எர்மினியா,
முழங்கால் முதன்முதல் வீங்கிய வருடம்.
படிக்கட்டு பதினெட்டு சென்டிமீட்டர் குறுகிவிடும் என்று
மற்ற வீட்டுக்காரர்கள் கை தூக்கினார்கள்.
முதலில் தூக்கியது இரண்டாம் மாடி ஜெரார்தோ,
ரயில்வேயில் சிக்னல் பார்த்தவர்.
சிவப்பு காட்டிப் பழகிய கை.
பதினோரு வருடம். நான்கு நீதிபதிகள்.
அளக்க வந்த பொறியாளர்கள் மூன்று பேர்;
ஒருவர் பதினேழரை என்று எழுதிவிட்டார்,
அதற்கே ஒன்றரை வருடம் போனது.
இடையில் அவள் முதல் மாடித் திருப்பத்தில்
ஒரு பச்சை பிளாஸ்டிக் நாற்காலி போட்டாள்.
அதை அகற்றச் சொல்லி ஒரு துணை மனு.

சனிக்கிழமை பெட்டி இறங்கியது.
மூன்றாம் மாடிவரை சரி.
இரண்டாம் மாடியில் திரும்பவில்லை.
நிமிர்த்தலாமா என்றார்கள் சுமந்தவர்கள்.
அவள் நின்றுகொண்டா போவது?
அப்போது ஜெரார்தோ கதவைத் திறந்தார்.
குடைத்தாங்கியை நகர்த்தினார்,
செருப்புகளைக் காலால் ஒதுக்கினார்.
பெட்டியின் கால்பக்கம் அவர் வீட்டு நடைக்குள் நுழைந்து,
ஓடிக்கொண்டிருந்த தொலைக்காட்சிக்கு முன்
ஒரு கணம் நின்று,
திரும்பியது.
யாரும் எதையும் அளக்கவில்லை.

திங்கட்கிழமை.
"தெரிவிக்க ஏதேனும் உண்டா?"
வக்கீல் ஒர்நெல்லா எழுந்தாள்.
மனுவில் எல்லா வினையும் நிகழ்காலம்:
வசிக்கிறார், ஏறுகிறார், கோருகிறார்.
ஓர் இடைநிலையை மாற்றினால் போதும்,
இறந்தகாலம்.
"என் கட்சிக்காரர்," என்றாள்.
தொண்டையைச் செருமிக்கொண்டாள்.
"என் கட்சிக்காரர் தன் கோரிக்கையை வலியுறுத்துகிறார்."
எதிர்த்தரப்பு வக்கீல் காகிதத்தைப் புரட்டினார்.
நீதிபதி கண்ணாடியைத் துடைத்தார், நெடுநேரம்.
எழுத்தர் தட்டினார்: மனுதாரர், வக்கீல் மூலம், ஆஜர்.
மார்ச் பதினான்கு.

மாலையில் பழைய ரசீதுகளை எடுக்க
ஒர்நெல்லா அந்தப் படிகளில் ஏறினாள்.
நாற்காலி அங்கேயே இருந்தது.
அதில் ஜெரார்தோ, ரொட்டிப் பையை மடியில் வைத்து
மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார்.
வழிவிடக் காலை மடக்கினார்.
"அடுத்த வாய்தா எப்போ?" என்றார்.