ஏழாம் சுருள்

ருவைஸில் ஒரு வியாழன் இரவு.
கொரியக் கம்பெனி மெஸ் ஹாலில் மேசைகளை ஓரங்கட்டி
கட்டில் விரிப்பொன்றைத் திரையாக ஆணியடித்திருந்தார்கள்.
முன்னால் நாற்காலிகள், எங்களுக்கு.
பின்னால் பாய், ஸ்கஃபோல்டிங் ஆட்களுக்கு.
யாரும் இப்படி உட்காரச் சொல்லவில்லை.

படத்தில் பேச்சில்லை.
ஸ்டோர்ஸ் மிஸ்டர் நோ
(பெயர்தான் நோ, கையுறை கேட்டால் இரண்டு ஜோடி தருவார்)
திரையருகே நின்று, உடைந்த இங்கிலீஷில்
எல்லோருக்குமாகப் பேசினார்.
பண்ணையாருக்கு ஒரு குரல், மகளுக்கு ஒரு குரல்.
மாட்டுக்காரனுக்கு மட்டும் தன் சொந்தக் குரல்.

பண்ணையார் தலையில் குதிரைமயிரில் பின்னிய உயரத் தொப்பி.
மாட்டுக்காரன் தலையில் துண்டு.
கிணற்றடியில் அவள் சுரைக்குடுக்கையைச் சாய்க்க
குனிந்து, கையேந்திக் குடித்தான்.
பாயிலிருந்து ஒரு குரல்:
"நம்மூர்லயும் இப்படித்தான்டா ஊத்துவாங்க."
சிரிப்பு.
தவசி சிரித்தானா, தெரியாது.
நான் திரும்பிப் பார்க்கவில்லை.

என் தொப்பி வெள்ளை, தவசிக்கு நீலம்.
நாற்பது மீட்டர் உயரத்தில் அவன் முடுக்கும் கிளாம்புகளைக்
கீழே நின்று எண்ணி எழுதுவது என் வேலை.
பச்சைச் சீட்டு தொங்கினால்தான் யாரும் ஏறலாம்.
பதினோரு மாதமாக எங்கள் பேச்செல்லாம்
அந்தச் சீட்டின் முதுகில், பென்சிலில்.
கறுப்பு வெள்ளைப் படமென்றால்
அவன் நீலம் சாம்பலாகத் தெரியும். என் வெள்ளை
வெள்ளையாகவேதான் இருக்கும்.

ஆறாம் சுருளின் முடிவில்
இரவு, ஆற்றங்கரை, அவள் செருப்பைக் கழற்றினாள்.
அவ்வளவுதான். விரிப்பில் வெறும் வெளிச்சம், ஒரு குழம்புக் கறை.
"ஏழு இல்லை," என்றார் நோ. "தொலைந்துவிட்டது."
செத்தாளா, ஓடினாளா?
"அந்தக் காலத்துப் படம். அநேகமாகச் செத்திருப்பாள்."
யார் முகத்தையும் பார்க்காமல் பிளக்கைப் பிடுங்கினார்.

வெளியே இரண்டு பஸ்.
கடல் புழுக்கத்தில் கண்ணாடியெல்லாம் வியர்த்திருந்தது.
எங்கள் ஜன்னலுக்குத் திரைச்சீலை, அவர்கள் ஜன்னலுக்குக் கம்பி.
துடைக்கத் துடைக்க மூடியது.

சனிக்கிழமை, மூன்றாம் டவர்.
சீட்டைத் திருப்பினேன்.
"அந்த ஆத்துல முழங்கால் தண்ணிதான்.
கல்லு தெரிஞ்சிது. நான் பாத்தேன்.
நீங்க?"

பதினோரு மாதம் ஆகியும்.

பென்சில் முனை ரப்பரால்
பின்னிரண்டு எழுத்தை அழித்தேன்.
ஊதிவிட்டு,
பச்சை முன்னால் வர மாட்டினேன்.