முள் கணக்கு

மூலனூர் தாண்டிக் கன்னிவாடி போகும் சாலையில்
எனக்கொரு பங்ச்சர் கடை.
கம்ப்ரஸர், தண்ணீர் நிரப்பிய பாதி டிரம்,
கை உடைந்த பிளாஸ்டிக் நாற்காலி.
சோற்றுக்கு முள் பொறுப்பு.

டியூபை அமுக்கினால்
குமிழி எழும் இடத்தில் இருக்கும்.
குறடால் பிடுங்கி விரலில் உருட்டிப் பார்ப்பேன்.
வெள்வேலா முள் வெளுப்பு, ஆள் தெரியும்.
கிளுவை சும்மா மிரட்டும்.
சீமைவேல் மட்டும்
வரும்போது முனையை உள்ளேயே விட்டுவிட்டு வரும்.

செல்லத்தாளுக்கு ஏழு ஏக்கர் கொறங்காடு.
கொழுக்கட்டைப் புல்லும் இருபது வெள்வேலாவும் நின்ற நிலம்.
புருசன் திருப்பூர் போய்த் திரும்பாத மூன்றாம் மழையில்
வேலி எது காடு எது என்று தெரியாமல் போனது.
"விதைச்சது ஆருங்க?" என்று கேட்பாள்.
அவள் ஆடுகள்தான்.
பங்குனியில் வேறெதுவும் இல்லாதபோது
மஞ்சள் நெற்றைத் தின்றன,
இனிப்பை வைத்துக்கொண்டு
விதையைப் புழுக்கையோடு திருப்பிக் கொடுத்தன.

போன சித்திரையில் ஜேசிபி வந்தது,
மணிக்கணக்குக் கூலி.
ஓட்டிய தங்கமுத்து முதல் நாளே
பெரிய சக்கரத்தோடு என்னிடம் நின்றான்.
எட்டு முள்.
ஒரு தூரை மட்டும் அடிவரை தோண்டிப் பார்த்தான்.
ஆள் உயரத்துக்குக் கீழும் வேர்
கிணற்றுக் கயிறு மாதிரி போய்க்கொண்டே இருந்தது.
செல்லத்தாள் குழி விளிம்பில் குந்தினாள்.
"எங்க போரு எண்ணூறு அடியில புழுதி ஊதுச்சு.
இது எதக் குடிக்குது?"
கோபம் இல்லை. பொறாமை மாதிரி ஏதோ.

காடு மொட்டையானது.
உச்சி சாய்ந்ததும் ஆடுகள்
காற்றாலைக் கம்பத்தின் நிழலில் ஒற்றை வரிசையாய் நின்றன,
நிழல் நகர நகர
வரிசையும் நகர்ந்தது.
எனக்கு ஆவணி வரை வியாபாரம் இல்லை.
வெள்வேலா நாற்று வைக்கச் சொன்னவர்கள்
தண்ணீர் பற்றிச் சொல்லவில்லை.

பிறகொரு ராத்திரி என் குதிகால் வலித்தது.
பன்னிரண்டு வருசமாய் உள்ளே இருக்கும் முனை,
மழையை முந்திச் சொல்லும்.

பெய்தது ஒரே மழை.
பதினைந்தாம் நாள் மொபெட்டைத் தள்ளிக்கொண்டு வந்தாள்.
பின்சக்கரம். அமுக்கினேன். குமிழி.
பச்சை முள்,
வெட்டிய தூரில் மறுபடி துளிர்த்தது,
பழசைவிட நீளம்.
வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள்.

"எவ்வளவுங்க?"
"அறுபது."
"ஆடு நிழல்ல நிக்குது, பாதி வாங்கிக்க" என்றாள்.