பதினொரு ஊர்

சுவரொட்டியில் பெரிய எழுத்தில்
எடெல்மா இ வில்மர்.
கீழே சின்னதாய்: கடைசிச் சுற்று, பதினொரு ஊர்.

அந்த நடு 'இ'தான் அவர்கள் மொழியில் சேர்க்கும் சொல்.
ஓரெழுத்து. யாரோடும் ஒட்டாது.
இரண்டு நாற்காலிக்கு நடுவே
தண்ணீர்க் குவளை வைக்கும் முக்காலி போல் நிற்கும்.
நம் மொழியென்றால்
எடெல்மாவும் வில்மரும் என்று
இருவர் பெயரிலும் அது முளைத்திருக்கும்.
பிய்த்தால் கொஞ்சம் சதையும் வரும்.

மேலோ நகரத்து வானொலிக்காரன் கேட்டான்,
முப்பத்தோரு வருடம், ஏன் இப்போது?
கால்வலி என்றான் வில்மர்.
அவன் காலில் ஒன்றுமில்லை என்றாள் எடெல்மா.
நேரலை. அவசரமாய் ஒரு டயர் விளம்பரம் போட்டார்கள்.

முப்பத்து மூன்று என்றே பெயர்கொண்ட
ஊர் ஒன்றுண்டு உருகுவேயில்.
முப்பது இ மூன்று என்றுதான் சொல்வார்கள்.
அங்கே அரங்கம் நிறைந்து வாசலிலும் ஆள்.
பள்ளிக்கூடத்துக் கழிப்பறைதான் ஒப்பனை அறை.
மை தீட்டிக்கொண்டே கண்ணாடியிடம் சொன்னாள்:
"போன வருடம் இதே ஊரில் பத்தொன்பது பேர்.
அதில் இருவர் மழைக்கு ஒதுங்கியவர்கள்."
"முன்னாலேயே பிரிந்திருக்கலாம்" என்றான் அவன்,
பந்தோனியோனின் வாரை இறுக்கியபடி.
சிரித்ததில் மை கோணிப்போயிற்று.
அப்படியே மேடை ஏறினாள்.

தக்குவாரெம்போ சாலையில் பாகம் பிரித்தார்கள்,
ரொட்டிக்கடை ரசீதின் பின்பக்கத்தில்.
ஒலிபெருக்கி அவளுக்கு.
மைக் இரண்டு, ஆளுக்கொன்று.
வேனை விற்றுப் பாதிப் பாதி,
பின்கதவு மூடாததைச் சொல்லாமல் விற்க முடிந்தால்.
பிறகு, பாட்டு.
வரி உன்னது, மெட்டு என்னது.
வரியை நீ எடுத்துக்கொள்.
எடுத்துக்கொண்டு? நொண்டி நொண்டி வாசிக்கவா?
மெட்டை மட்டும் வைத்துக்கொண்டு நான் என்ன, விசில் அடிக்கவா?
நாற்பது கிலோமீட்டர் யாரும் பேசவில்லை.
இருபுறமும் மாடுகள், எல்லாம் ஒரே மாட்டைப் போல.
அப்புறம் ஒரு ந்யாந்தூ,
நெருப்புக்கோழிக்குத் தம்பி முறை,
சாலை நடுவே வந்து நின்றது.
பிரேக் அலற,
இருவர் வாயிலும் ஒரே கெட்ட வார்த்தை,
ஒரே நொடியில், ஒரே சுருதியில்.
பறவை நிதானமாகப் போயிற்று.
ரசீதில் பாட்டுக்கு எதிரே எதுவும் எழுதவில்லை.

காதலா என்று எல்லா ஊரிலும் கேட்டார்கள்.
அவளுக்கு ஏபெர் என்றொரு கணவன், பல் மருத்துவன்.
வில்மரின் கடைவாயில் இரண்டு பல் அவன் கட்டியது.
காதலென்றால் எளிது,
பிரிவதற்கு வார்த்தை இருக்கிறது, வக்கீல் இருக்கிறார்.
நாம் மூச்செடுக்கும் இடம் தெரிந்த ஒருவரை
விட்டுப்போவதற்கு
எந்த அலுவலகத்தில் கையெழுத்துப் போடுவது?

கடைசி ஊர் சால்தோ. ஆற்றுக்கு அக்கரை வேறு நாடு.
கடைசிப் பாட்டின் கடைசி ஸ்வரம்.
முகவாயை அவள் மெல்லத் தூக்குவாள்,
அவன் நிறுத்துவான்.
முப்பத்தோரு வருடமாய் அதுதான் கணக்கு.
இன்று தூக்கவில்லை.
கிதார் ஓய்ந்துவிட்டது.
அவன் மடியில் துருத்தி மட்டும் விரிந்துகொண்டே போயிற்று,
முழங்காலைத் தாண்டி, கை எட்டும் வரை.
பார்த்தான். பார்த்தாள்.
பாட்டே இப்படித்தான் என்று நினைத்து
கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டது.
ஸ்வரம் மெலிந்து காற்றாகி
காற்றும் தீர்ந்து
மடிப்புகள் மட்டும் முனகின.
கைதட்டல் எப்போது தொடங்கிற்றென்று
இருவருக்கும் தெரியாது.

எல்லோரும் போனபின் கேபிள் சுற்றினார்கள்.
ரசீதில் கேபிள் விட்டுப்போயிருந்தது.
ஒரு முனை அவன் கையில்.
மறுமுனையை முழங்கையில் சுற்றிச் சுற்றி
அவள் அவனை நோக்கி வந்துகொண்டிருந்தாள்,
வழக்கத்தைவிட மெதுவாக.
விளக்கை அணைக்கலாமா என்றார் அரங்கக் காவலாளி.
பொறுங்கள் என்றாள் எடெல்மா,
இன்னும் நான்கு மீட்டர் இருக்கிறது.