முழுத்திரை = 0

ராத்திரி ஒரு மணிக்குக் கரண்டு வரும்.
ஐந்து மணிக்குப் போகும்.
பசுண்டாங்கில் எங்கள் தெரு முழுக்க
அந்த நாலு மணி நேரத்தில்தான்
மோட்டார் போடுவார்கள், சோறு வடிப்பார்கள், சட்டை தேய்ப்பார்கள்.
நான் விமானம் ஓட்டுவேன்.

மடிக்கணினி வீட்டில் ஒன்றுதான்.
அதில் சார்ஜ் ஏறும்போது நானும் ஏறுவேன்.
பழைய விளையாட்டு, நடைபாதைக் கடையில் வாங்கிய தட்டு.
மேகம் தகரத்தில் வெட்டியது போலிருக்கும்,
கடல் அசையாது.
ஆனாலும் தரையை விட்டு எழும்பும்போது
வயிற்றில் ஒன்று நழுவும்.
அதற்காகத்தான்.

திறந்தவுடன் அது யாரையும் கேட்காமல்
திரையைத் தன் அளவுக்கு மாற்றிக்கொள்ளும்.
கறுப்பாக ஒரு சிமிட்டல்,
பிறகு எல்லாம் அதனுடையது.
முடித்து வெளியே வந்தால்
வாங்கியதைத் திருப்பிக் கொடுக்க வேண்டும் இல்லையா?
கொடுக்காது.

என் வீட்டுக்காரர்
(கிடங்குகளில் கோ மியோ வின்,
என் வாயில் ஐயாக்கண்ணு)
அவருக்கு இடது கண்ணில் பாதி இருட்டு.
எண்ணூறுக்கு அறுநூறு என்று திரையை வைத்திருப்பார்.
எழுத்து புளியங்கொட்டை அளவு தெரிய வேண்டும்.
பேயின்நாங் சந்தையில் எந்தக் கிடங்கில் எத்தனை மூட்டை மாட்பே,
மூட்டைக்கு எத்தனை வீசை,
கப்பலேறும் உளுந்து எது, இங்கேயே ஊறப்போவது எது,
அத்தனையும் அந்தப் புளியங்கொட்டைகளில்.

காலையில் திறப்பார். கடுகு.
கோப்புகள் எல்லாம் மழைக்கு ஒதுங்கிய ஆடுகள் போல
ஒரு மூலையில் ஒட்டிக்கொண்டு நிற்கும்.
திட்டமாட்டார்.
மூக்கு திரையில் இடிக்கும்வரை குனிவார்.
"ராத்திரி ரொம்ப உயரமோ?" என்பார்.

ஒரு புதன்கிழமை மூன்றை எட்டு என்று படித்தார்.
ஐம்பது மூட்டை.
கிடங்குக்காரர் தெருவில் நின்று மணிக்கயிற்றை இழுத்தார்.
ஐந்து மாடிக்கும் கேட்டது.
இவர் இறங்கிப்போய் அவர் முன்னால் நின்றதை
பால்கனியிலிருந்து பார்த்தேன்.
மேலிருந்து பார்த்தால் யாருடைய தலையும் சிறிதுதான்.
பிழை தன்னுடையது என்று சொல்லிவிட்டு
படியேறி வந்து தேநீர் கேட்டார்.

அன்றிரவு நான் பறக்கவில்லை.
விளையாட்டின் சின்னத்தை வலது சொடுக்கி, பண்புகளுக்குள் புகுந்து,
இருந்த கட்டத்திலெல்லாம் டிக் போட்டுப் பார்த்தேன்.
ஒன்றில் விமானம் தலைகீழ்.
ஒன்றில் ஆகாயமே ஊதாவாகிவிட்டது.
கடைசியில் அதன் வயிற்றுக்குள் ஒரு சின்னக் கோப்பு,
நோட்பேடில் திறந்தால் பத்துப் பதினைந்து வரி.
முழுத்திரை = 1.
அழித்து 0 போட்டேன்.
மூடித் திறந்தால் மறுபடியும் 1.
தானே எழுதிக்கொள்கிறது, திருட்டு மூதேவி.
திரும்பவும் 0. இந்த முறை கோப்புக்கே பூட்டு:
படிக்கலாம், எழுதக்கூடாது.
நாலரை மணிக்கு
திரை சிமிட்டவில்லை.

இப்போது விமானம் ஒரு சாளரத்துக்குள் பறக்கிறது.
சுற்றிலும் அவர் கணக்கு அப்படியே கிடக்கிறது.
மேகத்துக்கு வலப்பக்கம் பழைய சரக்கு 112,
கடலுக்குக் கீழே வரவேண்டிய பாக்கி.
ஓரத்தில் வரும் எதிரி தெரிவதில்லை.
நிறையச் சாகிறேன்.
கை தவறிச் சுட்டி வெளியே விழுந்தால்
விமானம் அந்தரத்தில் நிற்கும்,
நான் ஊ தான் மாங்கின் துவரையைத் திறந்திருப்பேன்.

நேற்று தண்ணீர் குடிக்க எழுந்தவர்
சொம்போடு நாற்காலிக்குப் பின்னால் நின்றார்.
ஒன்றும் பேசவில்லை.
பிறகு,
"இடது இறக்கையில் தீ" என்றார்.

ஆமாம். எரிந்துகொண்டிருந்தது.
அத்தனை தள்ளி நின்றவருக்குத் தெரிந்திருக்கிறது.
"இறக்கு, இறக்கு" என்று தோளைத் தட்டினார்.
கரண்டு போக ஆறு நிமிடம்.
வேறு தரை இல்லை,
வரவேண்டிய பாக்கியின் மேலேயே
இறக்கினேன்.