பாடபேதம்

டயர்க் கடைக்கு மேலே வாடகை அறை.
போர்ட்டோ அலெக்ரேயில் ஜூலைக் குளிர்.
நால்வருக்கும் ஒரே மாத்தே குடுவை
கை மாறிக் கை மாறி வருகிறது.

ஊதிச் செருகிய காலம் போயிற்று.
ஆல்கஹாலில் பஞ்சைத் தோய்த்துத் துடைக்கிறோம்.
செம்புப் பற்கள் பளிச்சிட்டதும்
ஜுரேமா கார்ட்ரிட்ஜைப் படிகருவியில் பொருத்துகிறாள்.
கடைசி எண்ணும் இறங்கும்வரை
மேசையை யாரும் இடிக்கக் கூடாது.

இந்தக் கால்பந்து ஆட்டம்
திருட்டுப் பதிப்பு.
அயல்நாட்டு அணிகளை அழித்துவிட்டு
எங்கள் ஊர் அணிகளை எவனோ எழுதியிருந்தான்,
ஏகப்பட்ட எழுத்துப் பிழையோடு.
சட்டப்படி இது பிறக்கவே இல்லை.
செத்தாலும் யாரும் கேட்க மாட்டார்கள்.

கிடைத்தவை இரண்டு பிரதிகள்.
ஒன்று பெலோட்டாஸ் சந்தையில் வாங்கியது,
மற்றது வால்டெசிர் சின்ன வயதில் ஆடியது.
ஒரே ஓர் இடத்தில் வேறுபட்டன:
இதில் பூஜ்யம், அதில் ஒன்று.
எது மூலம், எது பிழை?
மூன்று வாரம் சண்டை,
ஒரு குடுவை உடைந்தது.

மூன்றாவதைத் தேடி ஜுரேமா
ஆறு மணி நேரம் பஸ்ஸில் பஜே போனாள்.
முன்பு வாடகைக் கடை வைத்திருந்த ஒடாசிலியோ
"விற்க மாட்டேன்,
என் சமையலறையில் உட்கார்ந்து படித்துக்கொள்" என்றாராம்.
வெங்காயம் வதங்கும் வாசனையில்
அது இறங்கியது.
பூஜ்யம்.

வால்டெசிரின் சிப்பைத் திருப்பிப் பார்த்தோம்.
நடுவே சின்னக் கண்ணாடிச் சன்னல்,
மூடியிருக்க வேண்டிய ஸ்டிக்கர் இல்லை.
ஒன்பது வயதில் ஓட்டை உடைத்து
ஸ்டிக்கரை உரித்துச் சைக்கிளில் ஒட்டியவன் அவனே.
ஓடில்லாமல் சன்னலோரம் வைத்து ஆடியிருக்கிறான்.
வெயில் உள்ளே போய்
ஒரு பூஜ்யத்தை ஒன்றாக்கிவிட்டது.

அந்த ஒன்று செய்த காரியம்:
இடப்பக்கம் அடித்தால்
எதிரணி கோலி வலப்பக்கம் பாய்வார்.
எப்போதும்.

தெருவில் அவனை வென்றவர் இல்லை.
பந்தயத்தில் ஜெயித்த மிட்டாய்களுக்குக் கணக்கே இல்லை.
முப்பது வருடப் பெருமையைக் கையில் வைத்தபடி
கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தான்.
பிறகு,
"அப்போ வெயில்தான் எனக்குப் பாஸ் போட்டிருக்கு."

பட்டியலில் சரியான பிரதியைச் சேர்த்தோம்.
பிழைபட்டதற்கு அங்கே இடமில்லை, அது விதி.
விதியை எழுதியவள் ஜுரேமா.
அவள் கணினியில் பெயரில்லாத கோப்புறை ஒன்று உண்டு,
நான் பார்த்ததாகச் சொல்ல வேண்டாம்.

கடை ஷட்டர் இறங்கிய பிறகு
சில சனிக்கிழமை அதைத் திறப்பாள்.
வால்டெசிர் இடப்பக்கம் அடிப்பான்.
கோலி, பாவம்,
முழு நம்பிக்கையோடு
வலப்பக்கம் பாய்வார்.