ஒன்றரை அங்குலம்

ஆறாம் கட்டையில் கச்சான் அடிக்கத் தொடங்கினால்
றோட்டின் இரு பக்கமும் நிலம் பழுத்துக் காயும்.
மதிலுக்குள்ளே மட்டும் பச்சை.
அதற்கென்று பவுசர் வருகிறது,
கிழமைக்கு மூன்று நாள்.
புல்லு ஒன்றரை அங்குலம். கூடக்கூடாது.
எனக்கு வேலை தந்த கடதாசியில்
இங்கிலாந்தின் உயரம் அவ்வளவுதான்.

இரவில் புள்ளிமான் வரும்.
விடிந்து பார்த்தால்
ஒரு மாலுமியின் பெயரை ஒட்டிக் கடித்திருக்கும்.
ஏச்சு வாங்குவது நான்.

போன ஆடியில் ஹேஸல் வந்தாள், டெவனிலிருந்து.
பத்தொன்பது வயதில் இங்கே காய்ச்சலில் செத்த
மாமனைப் பார்க்க.
அவனை அவள் கண்டதேயில்லை.
அவர்கள் வீட்டுச் சாப்பாட்டறையில்
இந்த இடத்தின் படம் தொங்கியதாம்,
கையால் வர்ணம் தீட்டியது.
'எங்கள் நாடு' வரையச் சொன்னால்
பள்ளியில் இதைத்தான் வரைவாளாம்:
வெள்ளைக் கல், பச்சைப் புல்,
மூலையில் ஒரு பனை.
டெவனில் ஏது பனை என்று
டீச்சர் சிவப்பு மையால் வெட்டினாளாம்.
சொல்லிச் சிரித்தாள்.
பிறகு கண்ணால் மூலையைத் தேடினாள்.

பனை தொண்ணூறில் ஷெல்லில் போயிற்று என்றேன்.

'எங்கள் ஊர்ப் புல் இப்படி இல்லை,
முழங்கால் உயரம், சேறு, மாட்டுச் சாணி.'
எனக்கு என்னவோ போலிருந்தது.
இருபத்திரண்டு வருஷமாய்
எதை வெட்டிக்கொண்டிருக்கிறேன்?

உன் ஆட்கள் எங்கே என்று கேட்டாள்.
மரியாதைக்குக் கேட்டிருக்கலாம்.
தெற்கே கையைக் காட்டினேன்,
கொட்டியாரக் குடாவுக்கு அப்பால்.
புல்டோசர் போன பிறகு
தம்பி கிடந்த காணியில் எல்லாம் ஒரே மட்டம்.
புல்லுக்கு அங்கே யாரும் அளவு சொல்லவில்லை.
நாயுருவியும் எருக்கலையும்
வேண்டிய மட்டும் வளர்கின்றன.
வளைந்த கிளுவை மரத்திலிருந்து
மேற்கே பதினேழு எட்டு என்று
அக்கா எண்ணி வைத்திருந்தாள்.
மரத்தை யாரோ விறகுக்குத் தறித்துவிட்டார்கள்.

இதை அவளுக்குச் சொல்லவில்லை.
கிளுவைக்கு இங்கிலீஷில் என்னவென்று
எனக்குத் தெரியாது.

மாரி தொடங்கக் கடிதம் வந்தது:
மூலையில் ஒரு பனை வைக்க அனுமதி.
அவள்தான் எழுதிக் கேட்டிருக்க வேண்டும்.
பனங்கொட்டை மூன்று ஊன்றினேன்.
ஒன்றாவது பிழைக்கும்;
தலை தூக்கும்போது நானுமில்லை, அவளுமில்லை.

மண்வெட்டியைக் கழுவி வைத்துவிட்டு,
யாரும் பார்க்கவில்லை,
அந்த மூலையிலிருந்து மேற்கே
எட்டு வைத்து எண்ணினேன்.

பதினான்கில்
மதில் வந்துவிட்டது.